மேல்கோட்டு நீதிபதி வீட்டில் உப்பில்லை

2004ஆம் ஆண்டு வைகாசி மாதத்தில் ஒரு வியாழக்கிழமை பிற்பகல், பலெர்மோ நகரத்தில் சிவபாலன் வீட்டு மீன்குழம்பிலிருந்து உப்புப் போய்விட்டது. குழம்பு அடுப்பில்தான் இருந்தது, மூடியும் மூடியபடிதான் இருந்தது. சிவபாலனின் மனைவி ரதி முதலில் தன் கையைச் சந்தேகப்பட்டு இன்னொரு கரண்டி போட்டார். பிறகு ஒரு பிடி போட்டார். பிறகு பொறுமை கெட்டுப் பைக்கற்றையே கவிழ்த்தார். குழம்பு பச்சைத் தண்ணீர் மாதிரியே இருந்தது. அதே பைக்கற்றில் மிச்சமிருந்ததை மேல்வீட்டு இத்தாலியக் கிழவி நாக்கில் வைத்துப் பார்த்து முகத்தைச் சுளித்தார். அவருக்கு அது நல்ல உப்பாகத்தான் இருந்தது. பொழுதுபடுவதற்குள் சிவபாலன் வீட்டில் ஊறுகாய், கருவாடு, போத்தலில் கிடந்த நெத்தலி எல்லாம் உப்பை விட்டன. காரணத்தைக் கண்டுபிடிக்க அதிக நேரம் ஆகவில்லை. குழம்பிலிருந்து உப்புப் போன அதே நேரத்தில், பல்லரோச் சந்தைக்குப் பின்னால் றொஜரின் பலசரக்குக் கடையில், அரிசி மூட்டை மேல் உட்கார்ந்திருந்த ஞானம்பிகை என்ற பெண், சிவபாலன் பக்கம்தான் பிழை என்று தீர்ப்புச் சொல்லியிருந்தார்.

வழக்கு ஒரு மயில் பற்றியது. மகள் பெரியபிள்ளையான சாமத்திய வீட்டு மேடைக்கென்று, மாதா கோயில் பங்கைச் சேர்ந்த பிறின்ஸிடம் சிவபாலன் இரவல் வாங்கிய, றெஜிபோம் என்ற வெள்ளை நுரைக்கட்டியில் வெட்டிய மயில், தோகையில்லாமல் திரும்பிப் போயிருந்தது. வரும்போதே அது மொட்டையாகத்தான் வந்தது என்று சிவபாலன் சத்தியம் செய்தார். ஞானம்பிகை சாமத்திய வீட்டு வீடியோவைப் போடச் சொன்னார். பெண்பிள்ளைக்குப் பின்னால் மயில் முழுத் தோகையையும் விரித்துக்கொண்டு நின்றது. தன் வீட்டு விழாவைத் தானே காசு கொடுத்துப் படம் பிடிப்பித்ததை மறந்துபோன மனிதருக்கு யார் என்ன செய்ய முடியும்? பிறின்ஸ் வீட்டுக்குப் போய், "பிழை என்னிலைதான்" என்று சொல்லிவிட்டு வரும்படி தீர்ப்பாயிற்று. சிவபாலன் இரண்டு நாள் வீம்பு பிடித்தார். மூன்றாம் நாள் உப்பில்லாத பருப்பைப் பார்த்து அவருக்கு அழுகை வந்தது. ஓடிப்போய்ச் சொன்னார், வீட்டுக்குத் திரும்பி வந்தபோது ரசம் கமகமவென்று உப்பும் புளியுமாக இருந்தது.

ஞானம்பிகை எந்த நாட்டிலும் சட்டம் படித்தவரல்ல. யாழ்ப்பாணத்தில் ஒரேயொரு தடவை நீதிமன்றப் படி ஏறியிருந்தார், அதுவும் ஒரு சைக்கிள் ஆட்டை இடித்த வழக்கில் சாட்சியாக. அன்று வழக்கு தவணை போட்டு ஒத்திவைக்கப்பட்டது, அடுத்த தவணைக்குள் சண்டை வந்து அந்தக் கட்டடமே இல்லாமல் போயிற்று. ஆடும் பிழைக்கவில்லை. பிறகு அவர் மன்னாரைச் சேர்ந்த ஜோக்கிம் என்ற கத்தோலிக்க வேதக்காரரைக் காதலித்துக் கட்டினார். இரண்டு வீட்டாரும் ஒரே மூச்சில் கைகழுவிவிட, தொண்ணூறுகளின் தொடக்கத்தில் இருவரும் பலெர்மோவுக்கு வந்து சேர்ந்தார்கள். ஞானம்பிகை லிபெர்த்தாப் பகுதியில் ஒரு பல்வைத்தியர் வீட்டில் வேலைக்குச் சேர்ந்தார். ஜோக்கிம் ஸ்ஃபெர்ராகவால்லோக் கடற்கரையில் ஒரு மீன் சாப்பாட்டுக் கடையில் பானை கழுவத் தொடங்கி, படிப்படியாக அடுப்படிக்கு முன்னேறினார். ஞாயிற்றுக்கிழமைகளில் ஞானம்பிகை மாதா கோயிலுக்குப் போயிருப்பார் என்று சைவக்காரரும், அம்மன் கோயிலுக்குப் போயிருப்பார் என்று வேதக்காரரும் நினைத்துக்கொண்டிருந்தார்கள். அவர் வீட்டில் போர்த்துக்கொண்டு படுத்திருந்தார்.

இதுதான் அவரை நீதிபதியாக்கியது. அதுவரை சைவக்காரரின் பிணக்குகளைக் கோயில் நிர்வாகசபையும் வேதக்காரரின் பிணக்குகளைப் பங்குச் சபையும் தீர்த்துவந்தன, அதாவது தீர்க்காமல் வளர்த்துவந்தன. ஒரு சைவக்காரருக்கும் ஒரு வேதக்காரருக்கும் இடையில் மயில் வந்து நின்றபோதுதான் இரண்டுக்கும் மேலே ஒரு கோடு வேண்டும் என்ற எண்ணம் வந்தது. எங்கள் பக்கத்தில் நீதிமன்றத்தைக் கோடு என்றுதான் சொல்வோம். இரண்டு பக்கத்துக்கும் வேண்டியவராக ஒருவரும் கிடைக்கவில்லை. இரண்டு பக்கத்துக்கும் வேண்டாதவராக ஞானம்பிகை கிடைத்தார். வியாழன் பிற்பகல் வீட்டு வேலைக்காரர்களுக்கு ஓய்வு என்பதால் மேல்கோடு வியாழக்கிழமைகளில் கூடியது. முறைப்பாட்டுக்காரர் தன் கையிலுள்ள தேத்தண்ணி ஆறும்வரை கதைக்கலாம், எதிராளிக்கும் அப்படியே. சான்றுப் பொருள்கள் பருப்பு மூட்டையின் மேல் வைக்கப்படும். இரண்டாவது தேத்தண்ணி ஆறியதும் தீர்ப்பு. தேத்தண்ணி விற்பனை ஏறியதால் றொஜர் தன் செலவிலேயே நீதிபதியின் மூட்டைக்கு ஒரு மெத்தை தைத்துப் போட்டார்.

சிவபாலன் வீட்டுக் கதை வெளியில் வந்தபோது முதலில் எல்லாரும் சிரித்தார்கள். பிறகு ஒருவர் பின் ஒருவராகத் தோற்றார்கள், சிரிப்பு நின்றது. கரோக்கிப் பெட்டியை மழையில் விட்டவர், தையல்காரியின் அளவைக் குறை சொன்ன கொழுத்த மணப்பெண், கிரிக்கெட் குழுவின் மட்டையை விறகாக்கிய குடும்பம் என்று தோற்றவர் வீடுகளிலெல்லாம், தீர்ப்பின்படி நடக்கும்வரை உப்பு நிற்கவில்லை. பிழையை ஒப்புக்கொண்ட அன்றே திரும்பி வந்தது. பங்குத் தந்தை இது மூடநம்பிக்கை என்று பிரசங்கம் வைத்தார். கோயில் ஐயர் இது சாத்திரத்தில் இல்லை என்றார். ஒலிபெருக்கி வழக்கொன்றில் இருவரும் சேர்ந்தே தோற்றார்கள், அதன்பிறகு அந்தப் பேச்சையே எடுக்கவில்லை.

ஊர் பழகிக்கொண்டது. போன உப்புச் சட்டியிலிருந்துதான் போயிற்று, வாயிலிருந்தல்ல. பிறத்தியார் வீட்டில் சாப்பிட்டால் உப்பு உறைக்கும். ஆகவே ஒருவர் மத்தியானம் சாப்பாட்டு நேரத்தில் காரணமில்லாமல் வந்து, "சும்மா இந்தப் பக்கம் வந்தனான்" என்று கதிரையில் உட்கார்ந்தால், அவர் போன வியாழன் தோற்றவர் என்று பிள்ளைகளுக்கும் தெரிந்தது. கல்யாணம் பேசப் போனவர்கள் மாப்பிள்ளையின் படிப்பை விசாரிக்க முன் அவர்கள் வீட்டுப் பருப்பை வாயில் வைத்துப் பார்த்தார்கள். பிறசர் வருத்தக்காரரான பேரின்பநாயகம் உப்பைக் குறைக்கச் சொல்லி வைத்தியர் கண்டித்த பிறகு, எப்படியாவது தோற்றுவிட வேண்டுமென்று தன்மேல் தானே மூன்று பொய் வழக்குகளை ஆட்களைப் பிடித்துப் போட்டார். மூன்றையும் ஞானம்பிகை தள்ளுபடி செய்து, "மருந்தைக் குடியும், கோட்டைச் சாட்டாதேயும்" என்று திருப்பி அனுப்பினார்.

வருடங்கள் போகப் போக ஞானம்பிகைக்கு ஒரு நடை வந்தது. சந்தைக்குள் கறிமிளகாய் பொறுக்கும்போதுகூடத் தீர்ப்பளிக்கிற மாதிரிப் பொறுக்கினார். இரண்டாவது தேத்தண்ணி ஆறுவதற்கு முன்பே தீர்ப்புச் சொல்லத் தொடங்கினார். பிறகு சில வழக்குகளில் இரண்டாவது தேத்தண்ணியை ஊற்றவே விடவில்லை. இருட்டுமுன் கூடுதலான வழக்குகள் முடிந்தன, எல்லாரும் மெச்சினார்கள். தன் தீர்ப்பு ஒன்றுகூடப் பிழைத்ததில்லை என்று அவர் சொல்லிக்கொள்வதில்லை. மற்றவர்கள் சொல்லும்போது மறுப்பதுமில்லை. மொனிகாவின் வழக்கு வந்தது இந்தக் காலத்தில்தான், 2014இன் இலையுதிர் காலத்தில்.

அந்த வழக்கை விளங்கிக்கொள்ள எங்கள் தொழிலின் ஒரு வழக்கத்தைச் சொல்லவேண்டும். வேலை செய்கிற இத்தாலியர் வீட்டை நாங்கள் எங்கள் வீடு என்றுதான் சொல்வோம். ஊருக்குப் போகிறவள் அந்த வீட்டைப் பூட்டிவிட்டுப் போக முடியாது. நம்பிக்கையான ஒருத்தியைத் தன் இடத்தில் நிறுத்திவிட்டுப் போவாள், திரும்பி வந்ததும் மற்றவள் வீட்டைக் கொடுத்துவிட்டு விலகவேண்டும். கொடுக்காதவளைவிடக் கேடு கெட்டவள் எங்கள் நடுவில் கிடையாது. புருசனைப் பறித்தவளுக்குக்கூடக் கல்யாண வீட்டில் கதிரை கிடைக்கும். இதில் ஒரு நுணுக்கம் உண்டு. அந்த வீட்டுக்குள் போட்டு நடக்கிற வீட்டுச் செருப்பை வீட்டுக்குரியவள்தான் அங்கே விட்டுவைப்பாள். இடத்துக்கு நிற்பவள் தன் செருப்பைத் தினமும் பையில் கொண்டுபோய்ப் பையிலேயே கொண்டுவரவேண்டும். செருப்பை வாசலில் விட்டால் வீட்டில் கண் வைத்தாள் என்று அர்த்தம்.

அருள்நாயகி தாயின் மரணத்துக்கு மன்னாருக்குப் போனபோது, லிபெர்த்தாவில் நாலாம் மாடியில் தனியாக இருந்த வயதான இத்தாலிய அம்மா சிஞ்ஞோரா எர்மெலிந்தாவின் வீட்டில் மொனிகாவை நிறுத்திவிட்டுப் போனார். மொனிகா தனியாள், பங்குப் பாடகர் குழுவில் இரண்டாம் குரல் பாடுபவர், அதிகம் கதைக்காதவர். அருள்நாயகி திரும்பி வந்து மணியடித்தபோது சிஞ்ஞோரா கதவைத் திறந்து, தனக்கு மொனிகாவே போதும் என்றார். வாசலில் மொனிகாவின் நீலச் செருப்பு இருந்தது. அருள்நாயகி அதைக் கையோடு எடுத்துக்கொண்டு நேரே றொஜரின் கடைக்கு வந்து பருப்பு மூட்டை மேல் வைத்தார். கடையிலிருந்த அத்தனை பெண்களும் அதைப் பார்த்து வாயில் கை வைத்தார்கள்.

ஞானம்பிகை தேத்தண்ணி ஊற்றும்வரைகூடக் காத்திருக்கவில்லை. "இது உன்ரை செருப்போ?" என்று கேட்டார்.

"ஓம், என்ரைதான்" என்றார் மொனிகா.

"நீயே அங்கை விட்டனி?"

மொனிகா கடையைச் சுற்றிப் பார்த்தார். அங்கே நின்றவர்களில் பாதிப்பேர் சிஞ்ஞோராவின் சொந்தக்காரர் வீடுகளில் வேலை செய்பவர்கள். பிறகு, "நான் வீடு பறிக்கேல்லை அக்கா" என்று மட்டும் சொன்னார். கேட்ட கேள்விக்குப் பதில் அதுவல்ல என்று ஞானம்பிகைக்குக் கோபம் வந்தது. வீட்டைத் திருப்பிக் கொடுக்கவும், பங்கு முற்றத்தில் எல்லாருக்கும் முன்னால் அருள்நாயகியிடம் மன்னிப்புக் கேட்கவும் தீர்ப்பாயிற்று. "வீட்டைக் குடுக்கிறன். மன்னிப்புக் கேக்கமாட்டன்" என்று சொல்லிவிட்டு மொனிகா செருப்பை எடுத்துப் பையில் வைத்துக்கொண்டு போனார். இரண்டு கிழமையில் ஓடி வருவாள் என்று எல்லாரும் சிரித்தார்கள். பிறகு வேறு வழக்குகள் வந்தன. அவர் எப்போதோ, எங்கேயோ மன்னிப்புக் கேட்டிருப்பார் என்று ஒவ்வொருவரும் நினைத்துக்கொண்டார்கள்.

2023இல் தவக்காலம் முடிகிற தறுவாயில் நீதிபதி ஞானம்பிகையின் வீட்டில் உப்புப் போயிற்று. காலையில் சம்பல், மத்தியானம் சோறு, பின்னேரம் வடை. அவர் முதலில் ஜோக்கிம் ஏதோ வழக்கில் தனக்குத் தெரியாமல் தோற்றுவிட்டார் என்று நினைத்து அவரைக் குறுக்கு விசாரணை செய்தார். வேறு நீதிபதி இல்லாத ஊரில் மனிதர் எங்கே போய்த் தோற்பது? ஜோக்கிமுக்குத்தான் கஷ்டம் பெரிது, ஏனென்றால் உப்பு வீட்டை விட்டதோடு நிற்காமல் அவர் கையையும் விட்டது. ஸ்ஃபெர்ராகவால்லோவில் அவர் தொட்ட சட்டியெல்லாம் சப்பென்றிருந்தது. சாப்பிட வந்தவர்கள் தட்டைத் திருப்பி அனுப்பினார்கள். கடை முதலாளி கலோஜெரோ கெட்டிக்காரர், உப்புத்தானே பிரச்சினை என்று எதிரேயுள்ள கடலிலிருந்து ஒரு வாளி தண்ணீர் அள்ளிக் கொண்டுவரச் செய்தார். ஜோக்கிம் வாளியைத் தூக்கியதும் அது குடிக்கக்கூடிய நல்ல தண்ணீராகிவிட்டது. வாளிக்குள் அகப்பட்டு வந்த ஒரு குஞ்சு மீன் செத்து மிதந்தது. ஆகஸ்ட் நடுவில் வரும் பெருநாளுக்குக் கடை நிரம்பி வழியும், அதற்குள் கை சரிவராவிட்டால் வேறு ஆள் எடுப்பேன் என்று கலோஜெரோ சொன்னார். அறுபதை நெருங்குகிற, உப்பு நிற்காத கைக்காரரை வேறு எந்தக் குசினியும் எடுக்காது என்பது ஜோக்கிமுக்குத் தெரியும். அவர் வீட்டுக்கு வந்து சப்பாத்தைக் கழற்றாமல் கட்டிலில் உட்கார்ந்திருந்தார்.

நீதிபதி வீட்டில் உப்பில்லையென்றால் நீதிபதி பிழை விட்டிருக்கிறார் என்பது ஊருக்குச் சொல்லித் தெரியவேண்டியதில்லை. எந்தத் தீர்ப்பில் என்பதுதான் கேள்வி. அடுத்த வியாழன் றொஜரின் கடை வாசலிலிருந்து சந்தையின் மீன் பலகைவரை வரிசை நின்றது. இருபது வருடத்தில் தோற்றவர்கள் எல்லாரும், அந்தப் பிழைத் தீர்ப்புத் தன்னுடையதுதான் என்று சொல்லிக்கொண்டு வந்திருந்தார்கள். சிவபாலன் மயில் வீடியோவை மறுபடியும் கொண்டுவந்து, தோகை மாதிரித் தெரிவது பின்னாலிருந்த திரைச்சீலை என்றார். மட்டையை விறகாக்கியவர்கள் அது ஏற்கெனவே உடைந்த மட்டை என்றார்கள். ஞானம்பிகை கோடை தொடங்கும்வரை மறுவிசாரணை நடத்தினார். பயத்தில் சிலவற்றை மாற்றியும் பார்த்தார். தீர்ப்பை மாற்றினால் வென்றவர் வீட்டு உப்புப் போயிற்று, அவர்கள் சண்டைக்கு வந்தார்கள், திரும்ப மாற்றினார். ஒரே கிழமையில் ரதியின் வீட்டு உப்பு மூன்று தடவை போய் வந்தது. ரதி கடைசியில் அடுப்பைப் பற்றவைக்காமல் பாண் வாங்கத் தொடங்கினார். அப்போதுதான் எங்களுக்கு ஒன்று உறைத்தது, சொல்லவும் வெட்கமாக இருந்தது. உப்புக்கு உண்மை தெரியும் என்று இருபது வருடம் நம்பியிருந்தோம். உப்புக்குத் தெரிந்தது ஞானம்பிகை சொன்னது மட்டும்தான்.

ஆடி மாதம் பிறந்தது. ஜோக்கிமின் இடத்துக்குக் கலோஜெரோ ஒரு பெடியனைப் பார்த்து வைத்திருந்தார். ஒரு மத்தியானம் ஜோக்கிம் உப்பில்லாத சோற்றைப் பிசைந்துகொண்டிருந்துவிட்டு, "ஞானம், வந்தவையை விடு. வராதது ஆர்?" என்று கேட்டார்.

ஞானம்பிகை சாப்பாட்டுக் கையோடு எழும்பினார். கையைக் கழுவக்கூட நினைவு வரவில்லை.

பல்லரோவுக்குப் பின்னால் ஒடுக்கமான படிக்கட்டில் மூன்றாம் மாடியில் மொனிகாவின் அறை. வந்தவருக்குச் சாப்பாடு போடாமல் கதைக்கிற பழக்கம் எங்களிடம் இல்லை, வந்தவர் யாராக இருந்தாலும். மொனிகா சோறும் சூடை மீன் குழம்பும் வைத்தார். ஞானம்பிகை வாயில் வைத்தார். பிறத்தியார் வீடு, நாக்கில் உப்பு உறைத்திருக்க வேண்டும். உறைக்கவில்லை. தன் வீட்டில் நாலு மாதமாகத் தின்கிற அதே பச்சைத் தண்ணீர்.

"எத்தினை வரியமாய்?" என்று கேட்டார் ஞானம்பிகை.

"நீங்கள் சொன்ன நாளிலை இருந்து."

ஒன்பது வருடம். அந்த ஒன்பது வருடத்தில் மொனிகா ஒருவர் வீட்டிலும் கை நனைக்கவில்லை. கல்யாண வீடுகளிலும் பங்கு விருந்துகளிலும், "நான் சாப்பிட்டிட்டுத்தான் வந்தனான்" என்று சொல்லிக் குடித்த தண்ணீரோடு எழும்பிப் போனதை எல்லாரும் பார்த்திருக்கிறோம். பெருமைக்காரி என்று சொன்னோம். இதை எழுதும்போது நெஞ்சு எரிகிறது. ஞானம்பிகை அந்தக் குழம்பை ஊற்றி ஊற்றிக் கோப்பை வழித்துச் சாப்பிட்டு முடித்தார். பிறகு, அன்றைக்குக் கேட்ட கேள்வியை வேறு மாதிரிக் கேட்டார்.

"அந்தச் செருப்பு வாசலுக்கு எப்பிடி வந்தது, மொனிகா?"

"சிஞ்ஞோரா எடுத்து ஒளிச்சு வைக்கிறவ. நான் போனால் திரும்பி வரமாட்டன் எண்டு அவவுக்குப் பயம். பையிலை இருந்து எடுத்துப்போடுவா, கேட்டால் தெரியாது எண்டுவா. கடைசியிலை தன்ரை செருப்புக்குப் பக்கத்திலை வடிவாய் அடுக்கி வைச்சிருந்தா."

"இதை அண்டைக்கே சொல்லியிருக்கலாமே!"

"றொஜர் அண்ணையின்ரை கடையிலை சொன்னால் பொழுதுபட முதல் மகன்காரனுக்குத் தெரியும். அவன் தாயை வயோதிபர் மடத்திலை விடக் காரணம் தேடிக்கொண்டிருந்தவன். அம்மா புத்தி தடுமாறி, அறளை பேர்ந்து செருப்புக் களவெடுக்கிறா எண்டால் அவனுக்கு அது காணும்." மொனிகா கோப்பையை எடுத்தார். "இப்ப அவ இல்லை. பெருவெள்ளிக்கு முதல் கிழமை தன்ரை கட்டிலிலேயே செத்தவ. இனிச் சொல்லலாம்."

பெருவெள்ளிக்கு முதல் கிழமைதான் நீதிபதி வீட்டில் உப்புப் போனது. சிஞ்ஞோரா எர்மெலிந்தா மேலே போய்ச் சேர்ந்ததும் முதல் வேலையாக முறைப்பாடு கொடுத்திருக்கிறார் என்று பங்குத் தமிழர் இன்றைக்கும் சொல்கிறார்கள். சைவக்காரர் அதை மறுப்பதில்லை.

ஆனால் ஞானம்பிகை நீதிபதியல்லவா, ஒருவர் வாயைமட்டும் நம்பித் திரும்பவும் விழக்கூடாது என்று நினைத்தார். நேரே அருள்நாயகியிடம் போய்ச் சிஞ்ஞோரா செருப்பு ஒளிக்கிறவரா என்று கேட்டார். "ஓம் அக்கா, நான் திரும்பிப் போய் மூண்டாம் கிழமையே என்ரையையும் ஒளிச்சவ, தலகாணிக்குக் கீழை" என்றார் அருள்நாயகி. பிறகு ஏன் வாயைத் திறக்கவில்லை என்று கேட்டதற்கு, "நீங்கள் கேக்கேல்லையே" என்று பதில் வந்தது. ஞானம்பிகை வந்த வழியே திரும்பிப் போனார். அவர் தீர்ப்பு ஒன்றும் சொல்லாமலே அன்றிரவு அருள்நாயகியின் முட்டைப் பொரியலில் உப்பில்லை, அவர் மொனிகாவிடம் போய் அழுத பிறகுதான் அது வந்தது.

பலெர்மோத் தமிழர் சைவமோ வேதமோ, ஞாயிறு காலையில் மொந்தே பெல்லெக்ரீனோ மலையேறிச் சாந்தா றொசாலியா என்ற புனிதையின் குகைக்குப் போவோம். பாதிப்பேர் செருப்பில்லாமல் ஏறுவோம். அந்த ஞாயிறு, பலெர்மோவில் ஞாயிறு காலையை முழுக்க நித்திரையில் கழித்துவந்த ஞானம்பிகை முதல் தடவையாக மலையேறினார். மூச்சு வாங்கியது, வழியில் நாலிடத்தில் உட்கார்ந்தார், ஜோக்கிம் பின்னால் தள்ளிக்கொண்டு வந்தார். குகை வாசலில் கூட்டம் முழுவதும் நிற்கும்போது மொனிகாவைக் கூப்பிட்டு முன்னால் நிறுத்தி, "இவள் வீடு பறிக்கேல்லை. நான்தான் கேக்காமல் தீர்த்தனான். பிழை என்னிலை" என்று சத்தமாகச் சொன்னார். சொல்லிவிட்டு, அந்த வயதில், முழங்காலில் இருந்தார். அருள்நாயகி அழுதார், றொஜர் அழுதார், எதற்கென்று தெரியாத ஒரு ஜெர்மன் சுற்றுலாக்காரரும் அழுதார்.

மொனிகா அவரைத் தோளில் பிடித்து எழுப்பினார். "நீங்கள் கேட்டது சரி அக்கா. ஆனா எனக்கு உடனை மனம் வருகுதில்லை. பொய் சொல்லேலாது" என்றார். ஞானம்பிகை தலையை ஆட்டினார். அது நியாயமான தீர்ப்பு என்று அவருக்குத் தெரிந்தது, அவர் முகத்தில் எங்களுக்கும் தெரிந்தது.

அன்று மத்தியானம் மொனிகாவின் வீட்டு உப்புத் திரும்பி வந்தது. ஞானம்பிகை வீட்டு உப்பு வரவில்லை. ஆகஸ்ட் பெருநாளுக்கு முதல் கிழமை கலோஜெரோ புதுப் பெடியனை அடுப்படியில் நிறுத்தினார். ஜோக்கிம் ஏப்ரனைக் கழற்றிவிட்டுச் சும்மா நிற்க முடியாமல், ஒரு மூலையில் கிடந்த ஆட்டுப்பால் தயிர்க்கட்டியைச் சீனி போட்டு அடித்தார். வாயில் வைத்த கலோஜெரோ உட்கார்ந்துவிட்டார். கை உப்பைத்தான் விட்டிருந்தது, சீனியை விடவில்லை. அந்தப் பெருநாளுக்கு ஜோக்கிம் செய்த கன்னோலி இனிப்புகளுக்கு நின்ற வரிசை கடை வாசலைத் தாண்டி வீதிவரை போயிற்று. இப்போது இனிப்புப் பகுதி முழுவதும் அவர் பொறுப்பு, கலோஜெரோ அவரை மாயெஸ்த்ரோ, அதாவது ஆசான், என்று கூப்பிடுகிறார்.

மேல்கோடு நின்றுவிடும் என்று எல்லாரும் நினைத்தோம். ஞானம்பிகையும் மெத்தையைச் சுருட்டி றொஜரிடம் கொடுத்துவிட்டார். அடுத்த வியாழன் கஜானன் என்றொருவர் ஒரு வழக்கோடு வந்து நின்றார். உப்பில்லாத வீட்டுக்காரியிடம் என்னத்துக்கு வருகிறீர் என்று கேட்டதற்கு, உப்புள்ளவர்களை நம்பிப் பார்த்தாயிற்று என்றார். இப்போது வழக்குகள் நடக்கின்றன. ஆளுக்கு இரண்டு தேத்தண்ணி, ஆறிய பிறகும் கேள்வி. ஒரு வியாழனுக்கு ஒரு வழக்கு முடிந்தால் பெரிய காரியம். தோற்றவர்கள் வீட்டில் வழக்கம்போல உப்புப் போகிறது.

மார்கழியில் ஒரு ஞாயிறு மத்தியானம் ஞானம்பிகையின் வீட்டு மணி அடித்தது. மொனிகா துணியால் சுற்றிய ஒரு சட்டியோடு நின்றார். உள்ளே வந்து மேசையில் வைத்து மூடியைத் திறந்தார், சூடை மீன் குழம்பு, ஆவி பறந்தது. "மனம் வந்திட்டுது எண்டு நினையாதேயுங்கோ" என்றார் முதலில். பிறகு கரண்டியில் கொஞ்சம் எடுத்து நீட்டி, "அக்கா, உப்புப் பாருங்கோ" என்றார்.

பிறத்தியார் சட்டி என்பதால் அந்த வீட்டிலும் உப்பு நின்றது, ஆனால் ஒன்பது வருடம் உப்பில்லாமல் சமைத்த கைக்கு அளவு மறந்துபோயிருந்தது. மொனிகா நீட்டிய கரண்டியில் ஜோக்கிம் கை படாமல் நாக்கை வைத்துப் பார்த்தார், அவர் கண்ணில் தண்ணீர் வந்தது. ஏதோ சொல்ல வாயெடுத்தவரின் காலை மேசைக்குக் கீழே ஞானம்பிகை மிதித்தார். கரண்டியை வாங்கி வாயில் வைத்தார், விழுங்கினார், கொஞ்ச நேரம் யோசித்தார்.

"அளவாயிருக்கு" என்றார்.

இத்தனை வருடத் தீர்ப்புகளில் ஞானம்பிகை தெரிந்துகொண்டே சொன்ன பொய் அது ஒன்றுதான். அன்று பலெர்மோவில் எந்த வீட்டிலும் உப்புப் போகவில்லை. மொனிகா இப்போது ஒவ்வொரு ஞாயிறும் குழம்பு கொண்டுவருகிறார், மூன்று பேரும் சட்டி வழித்துச் சாப்பிடுகிறார்கள், பின்னேரம் முழுவதும் தண்ணீர் குடிக்கிறார்கள்.